பானுமதியைப் பற்றிப் பதினைந்து நிமிடம் பேச வேண்டும்: பட்டியல் வாசிக்காமல் எப்படி?

செங்காங் வாசகி கேட்டது:

சிங்கப்பூரில் எங்கள் வட்டாரச் சமூக மன்றத்தில் தமிழ்ப் பெண்கள் குழு ஒன்று உண்டு. மாதம் ஒருமுறை கூடுவோம். ஒருவர் பேசுவார், அப்புறம் கறிபஃப், தேநீர், அரட்டை. அடுத்த கூட்டத்தில் பேசப்போவது நான். சினிமாவில் பல வேலைகள் பார்த்த ஒரு பெண்ணைப் பற்றிப் பேசச் சொல்லியிருக்கிறார்கள். நான் பி. பானுமதியை எடுத்திருக்கிறேன்.

குறிப்பு எடுக்க எடுக்க, கல்யாணப் பத்திரிகையில் மாப்பிள்ளை வீட்டார் பட்டங்களை அடுக்குவது மாதிரி ஆகிவிட்டது. நடிகை, பாடகி, இயக்குநர், தயாரிப்பாளர், இசையமைப்பாளர், எழுத்தாளர், ஸ்டூடியோ முதலாளி, இசைக் கல்லூரி முதல்வர். 1966இல் பத்மஸ்ரீ, பின்னாளில் பத்மபூஷண். இதை அப்படியே வாசித்தால் முதல் வரிசையே தூங்கிவிடும்.

கேட்க வருபவர்கள் பலதரம். இங்கேயே பிறந்து வளர்ந்த மூத்த அம்மாக்கள் இருக்கிறார்கள், அவர்களுக்கு எம்ஜிஆர் படங்கள் மனப்பாடம். என்னைப் போல வேலைக்காகத் தமிழ்நாட்டிலிருந்து வந்தவர்கள் இருக்கிறார்கள். அம்மா இழுத்துக்கொண்டு வரும் உயர்நிலைப் பள்ளிப் பிள்ளைகளும் உண்டு. அவர்களுக்கு பானுமதி என்றால் யார் என்றே தெரியாது.

போதாக்குறைக்கு என் மாமியார். "அந்தம்மாவா? சரியான திமிர் பிடிச்சவங்கன்னு அப்பவே பேசிக்குவாங்க" என்று சொல்லிவிட்டு சீரியல் பார்க்கப் போய்விட்டார்.

எதைப் பிடித்துக்கொண்டு பேசுவது, எதை விடுவது? எந்தப் பாட்டைப் போடலாம்? அந்தத் திமிர் விஷயத்தைத் தொடலாமா? இங்கே சிங்கப்பூரிலேயே ஏதாவது பார்க்க, படிக்கக் கிடைக்குமா?

---

தோ பாயோ ரசிகர்:

என்னைக் கேட்டால் பானுமதியை விட்டுவிட்டு டி. பி. ராஜலக்ஷ்மியை எடுங்கள். திருவையாற்றுப் பெண். நாடகக் கம்பெனிகளில் நடித்து வளர்ந்தவர். தமிழ் பேசிய முதல் படம் என்று நாம் கொண்டாடும் 'காளிதாஸ்' 1931 அக்டோபர் 31 அன்று வெளிவந்தது, அதில் கதாநாயகி அவர்தான். அந்தப் படத்தில் அவர் தமிழில் பேச, மற்றவர்கள் தெலுங்கிலும் இந்தியிலும் பேசினார்கள். கதைக்குச் சம்பந்தமே இல்லாமல் காந்தியின் ராட்டினத்தைப் பற்றி ஒரு பாட்டு வேறு.

1936இல் 'மிஸ் கமலா'. கதை அவர் எழுதிய 'கமலவல்லி' நாவல். எழுத்து, தயாரிப்பு, இயக்கம், நடிப்பு எல்லாம் அவரே. தென்னிந்தியாவின் முதல் பெண் இயக்குநர். பானுமதி சினிமாவுக்குள் நுழைவதற்கு முன்பே ஒரு பெண் இவ்வளவையும் செய்து முடித்துவிட்டார். முன்னோடியை விட்டுவிட்டுப் பின்னால் வந்தவரைப் பேசுவானேன்?

டி. ஆர். ராஜகுமாரியும் இருக்கிறார். நடித்துச் சம்பாதித்து தி. நகரில் சொந்தமாகத் திரையரங்கு கட்டினார், தம்பி ராமண்ணாவோடு சேர்ந்து படக் கம்பெனியும் நடத்தினார். யோசித்துப் பாருங்கள்.

---

பிடோக் பழைய எடிட்டர்:

தோ பாயோ அண்ணன் சொல்வது சரிதான், முதலிடம் ராஜலக்ஷ்மிக்குத்தான். ஆனால் 'காளிதாஸ்' படத்தின் பிரதியே இன்று கிடையாது. பள்ளிப் பிள்ளைகள் உட்கார்ந்திருக்கும் அறையில், பார்க்கவும் கேட்கவும் ஒன்றுமில்லாமல் ஒருவரைப் பற்றிப் பேசிக்கொண்டே இருந்தால் எடுபடாது. பானுமதியின் படங்களும் பாட்டுகளும் கைத்தொலைபேசியிலேயே கிடைக்கின்றன. நீங்கள் எடுத்த ஆளையே வைத்துக்கொள்ளுங்கள் தங்கச்சி. ராஜலக்ஷ்மிக்குத் தொடக்கத்தில் ஒரு நிமிடம் கொடுத்தால் போதும்.

நான் இங்கே தொலைக்காட்சித் தமிழ் நாடகங்களில் எடிட்டிங் வேலைக்குச் சேர்ந்தவள். போகப் போக எல்லாம் செய்தேன். கன்டினியூட்டி எழுதினேன், டப்பிங் பேசினேன், சப்டைட்டில் போட்டேன், தேக்காவில் சேலை வாடகைக்குப் பேரம் பேசினேன். நடிகை வராத நாளில் தட்டோடு வந்து காப்பி வைத்துவிட்டுப் போகும் வேலைக்காரியாகவும் நின்றிருக்கிறேன். என்னை யாரும் அஷ்டாவதானி என்று சொன்னதில்லை. ஆள் பற்றாக்குறை, அவ்வளவுதான். சின்ன ஊரில், சின்ன பட்ஜெட்டில் எல்லோரும் எல்லாம் செய்துதான் ஆக வேண்டும்.

பானுமதி விஷயம் அப்படியில்லை. அவர் காலத்துச் சென்னையில் ஆளுக்குப் பஞ்சமே கிடையாது. பாட ஆள் இருந்தது, இயக்க ஆள் இருந்தது, ஸ்டூடியோக்கள் வரிசையாக இருந்தன. அப்படியிருந்தும் ஒவ்வொன்றையும் அவர் ஏன் தன் கையில் எடுத்துக்கொண்டார்? பதினைந்து நிமிடத்துக்கு இந்த ஒரு கேள்வி போதும். என் பதிலைச் சொல்கிறேன்: தன்னை இன்னொருவர் எடிட்டிங் மேஜையில் வெட்டி ஒட்டிவிடக் கூடாது என்பதற்காக. நான் எடிட்டர், எனக்கு அப்படித்தான் தெரியும்.

பிறந்தது 1925, ஆந்திராவில் ஓங்கோல் பக்கத்தில் தொட்டவரம் கிராமம். அப்பாவுக்கு சங்கீதம் என்றால் உயிர். அவர்தான் முதல் வாத்தியார். முதல் படம் 1939இல் 'வர விக்ரயம்', தெலுங்கு, சி. புல்லையா இயக்கியது. வரதட்சிணைக் கொடுமையைச் சொல்லும் கதை. அப்போது இவருக்கு வயது பதின்மூன்றோ பதினான்கோ. கதாநாயகன் மகளைத் தொட்டு நடிக்கக் கூடாது என்று அப்பா நிபந்தனை போட்டுத்தான் அனுப்பினார் என்பார்கள். பிள்ளைகளிடம் இதைச் சொல்லுங்கள், சிரிப்பார்கள். ஆனால் கவனியுங்கள், முதல் நிபந்தனை அப்பா போட்டது. அதற்கப்புறம் நிபந்தனை போடும் வேலையை மகள் எடுத்துக்கொண்டார்.

1943இல் உதவி இயக்குநராக இருந்த பி. எஸ். ராமகிருஷ்ண ராவைக் கல்யாணம் செய்துகொண்டு சினிமாவே வேண்டாம் என்று வீட்டில் இருந்துவிட்டார். திரும்பக் கூட்டிவந்தவர் பி. என். ரெட்டி. 1945இல் 'ஸ்வர்க சீமா'. அதில் 'ஓஹோ பாவுரமா' என்று ஒரு பாட்டு. புறாவைக் கூப்பிடும் பாட்டு, தெலுங்கு தெரியாவிட்டாலும் கேட்கலாம். அந்தப் படத்தோடு அவர் புகழ் எங்கோ உயரத்துக்குப் போய்விட்டது.

இதற்குப் பிறகு நடந்ததைத்தான் நீங்கள் நிறுத்தி நிதானமாகச் சொல்ல வேண்டும். மகன் பரணி பெயரில் கணவனும் மனைவியும் பரணி பிக்சர்ஸ் ஆரம்பித்தார்கள். 1949இல் தமிழிலும் தெலுங்கிலும் 'லைலா மஜ்னு'. அப்புறம் சாலிகிராமத்தில் பரணி ஸ்டூடியோ. சொந்த ஸ்டூடியோ என்றால் என்ன என்பது வெளியே இருப்பவர்களுக்குப் புரியாது. தளம் உங்களுடையது. உங்கள் படம் இல்லாத நாளில் அடுத்தவருக்கு வாடகைக்கு விடலாம். ஒரு முதலாளி உங்களை வேண்டாம் என்று சொன்னால் அடுத்த மாதச் செலவுக்கு என்ன செய்வது என்று பயப்பட வேண்டியதில்லை. மாதச் சம்பளத்துக்குக் கம்பெனியில் ஒப்பந்தமாகிக் கிடந்த நடிகைகள் இருந்த காலம் அது. அந்த வித்தியாசத்தைச் சொன்னால் மற்றதெல்லாம் தானாகப் புரியும்.

1953இல் 'சண்டிராணி'. தமிழ், தெலுங்கு, இந்தி மூன்றிலும். இயக்கம் பானுமதி, அதில் இரட்டை வேடமும் அவரே. வயது இருபத்தெட்டுகூட நிறையவில்லை. இந்த இடத்தில் தொழில் எப்படி நடந்தது என்று கொஞ்சம் சொல்லுங்கள். கணினி கிடையாது. ஒரே சட்டகத்தில் இரண்டு பேராக வர வேண்டுமென்றால் லென்ஸின் பாதியை மறைத்து ஒரு பக்கம் எடுப்பார்கள். அப்புறம் பிலிமைப் பின்னால் சுற்றி, மறுபாதியை மறைத்து இன்னொரு பக்கம். கேமரா ஒரு மயிரிழை அசைந்தாலும் நடுவில் கோடு தெரியும். நடிப்பவர் இல்லாத ஆளைப் பார்த்துப் பேச வேண்டும், எதிராளி பேசும் நேரத்தை மனதுக்குள் கணக்குப் போட்டுக் காத்திருக்க வேண்டும். மூன்று மொழி என்றால் வசனக் காட்சிகளை மூன்று முறை எடுக்க வேண்டும். மூன்று நெகட்டிவ், மூன்று சவுண்ட் டிராக், மூன்று எடிட். அதன் நடுவே நடிப்பவரும் 'கட்' சொல்பவரும் ஒரே ஆள். எனக்கு ஒரு மொழியில் அரைமணி நேர நாடகத்துக்கே நாக்குத் தள்ளியது.

அந்தப் படத்துக்கு இசையமைத்துக்கொண்டிருந்த சி. ஆர். சுப்பராமன் 1952இல் இளம் வயதிலேயே போய்விட்டார். மிச்ச வேலையை அவரிடம் உதவியாளராக இருந்தவர் பார்த்தார், எம். எஸ். விஸ்வநாதன். கூட்டத்தில் எம்எஸ்வி ரசிகைகள் நிச்சயம் இருப்பார்கள், இதைக் கேட்டதும் நிமிர்ந்து உட்காருவார்கள்.

இப்போது குரல். என்னைக் கேட்டால் இதுதான் உங்கள் பேச்சின் நடுத்தூண். 1940களின் கடைசியில் பின்னணிப் பாடகர்கள் வந்த பிறகு, நடிக்கிறவர் வாயசைத்தால் போதும் என்று ஆகிவிட்டது. பானுமதியோ கடைசிவரை தன் பாட்டைத் தானே பாடினார். 1956இல் வந்த 'அலிபாபாவும் 40 திருடர்களும்' படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ், கேவாகலர் என்ற வண்ணப் பிலிம், தமிழின் முதல் முழு வண்ணப் படம். அதில் எம்ஜிஆர் பேசுவது தன் குரலில், 'மாசிலா உண்மைக் காதலே' பாடுவது ஏ. எம். ராஜா குரலில், இன்னொரு பாட்டில் அவருக்குக் கண்டசாலா குரல். பானுமதி பேசினாலும் பாடினாலும் பானுமதிதான். 'அழகான பொண்ணு நான்' பாட்டில் ஒரு கிண்டல் இருக்கிறதே, அது வசனத்திலிருந்து வழுக்கி அப்படியே பாட்டுக்குள் வரும். சவுண்ட் வேலை பார்த்தவர்களுக்குத்தான் தெரியும், வசனத்துக்கும் பாட்டுக்கும் நடுவே குரல் மாறும் இடத்தில் ஒரு சின்னக் குழி விழும். இவர் படங்களில் அந்தக் குழி இல்லை. முகத்தையும் குரலையும் பிரித்து வாங்க முடியாத நடிகையிடம் தயாரிப்பாளர் எப்படிப் பேரம் பேசுவார் சொல்லுங்கள்.

மாமியார் சொன்ன திமிருக்கு வருகிறேன். கட்டாயம் பேசுங்கள். பேசாவிட்டால் அந்த அம்மாக்களே கேள்வி நேரத்தில் கேட்பார்கள்.

'மிஸ்ஸியம்மா' 1955இல் வந்தது. அதில் முதலில் நடிக்கத் தொடங்கியவர் பானுமதி. சில ரீல்கள் எடுத்தும் ஆகிவிட்டது. வரலட்சுமி விரதத்தன்று படப்பிடிப்புக்குத் தாமதமாக வந்தார், தயாரிப்புத் தரப்பு மன்னிப்புக் கேட்கச் சொன்னது, இவர் மறுத்தார், வெளியேறினார் என்பதுதான் பரவலாகச் சொல்லப்படும் கதை. அந்த வேடம் சாவித்திரிக்குப் போய், சாவித்திரி எங்கேயோ உயர்ந்துவிட்டார். இதில் ஒரு வேடிக்கை: கல்யாணத்துக்கப்புறம் வீட்டில் இருந்தவரைத் திரும்பக் கூட்டிவந்தது பி. என். ரெட்டி, 'மிஸ்ஸியம்மா' எடுத்தது அவருடைய தம்பி நாகி ரெட்டியின் கம்பெனி.

1958இல் 'நாடோடி மன்னன்'. எம்ஜிஆர் முதல்முறை இயக்கிய படம். பானுமதியின் மதனா பாத்திரம் படத்தின் நடுவிலேயே இறந்துபோகும். அப்புறம் படம் கறுப்பு வெள்ளையிலிருந்து வண்ணத்துக்கு மாறும், சரோஜாதேவி வருவார். ஏன் இப்படி என்று நூறு கதை உலவுகிறது. மேடையில் அந்தக் கதைகள் எதையும் சொல்லாதீர்கள். படத்தில் கண்ணுக்குத் தெரிவதை மட்டும் சொல்லிவிட்டு நகருங்கள், போதும்.

இரண்டிலும் நஷ்டம் அவருக்குத்தான். அந்த நஷ்டத்தைத் தாங்க முடிந்தது, ஏனென்றால் வீட்டுக்குப் போனால் ஸ்டூடியோ இருந்தது. ஸ்டூடியோ இல்லாத நடிகை அன்றைக்கு மன்னிப்புக் கேட்டிருப்பார். அவருக்கு அடக்கம் என்று பெயர் கிடைத்திருக்கும்.

நடிப்புக்கு ஒன்றிரண்டு உதாரணம் போதும். 'ரங்கோன் ராதா', 1956. அண்ணாவின் கதை, கருணாநிதி திரைக்கதை வசனம். மனைவிக்குப் பைத்தியம் என்று ஊரை நம்பவைக்கும் புருஷனாக சிவாஜி, அந்த மனைவியாக பானுமதி. சிவாஜிக்கு எதிரே நின்று தேய்ந்து போகாதவர்கள் குறைவு. 'அன்னை', 1962, ஏவிஎம், கிருஷ்ணன் பஞ்சு. தங்கை பிள்ளையைத் தன் பிள்ளையாக வளர்ப்பவர். 'பூவாகிக் காயாகி' பாட்டு இதில்தான். நடிப்புக்கு இலக்கணம் என்று அண்ணா அவரைப் பாராட்டினார் என்பதை அம்மாக்களே சொல்லிவிடுவார்கள், நீங்கள் சொல்ல வேண்டாம்.

விடக்கூடியவை: விருதுகள், பட எண்ணிக்கை. பிற்காலத்தில் அவர் இயக்கியவற்றையும் விட்டுவிடலாம். 1975இல் 'இப்படியும் ஒரு பெண்' தமிழில் செய்தார். அந்தக் காலகட்டத்துப் படங்கள் என்னை அவ்வளவாகக் கவரவில்லை. எல்லாவற்றையும் தானே செய்பவரிடம் 'இந்தக் காட்சி நீளம் அம்மா' என்று சொல்ல ஆள் இல்லாமல் போகும். அதுவும் உண்மைதானே.

எழுத்தை மட்டும் விடாதீர்கள். தெலுங்கில் 'அத்தகாரி கதலு', மாமியார் கதைகள். சினிமாவில் கம்பீரமாக நின்றவர், எழுத்தில் வீட்டுக்குள் நடக்கும் சின்னச் சின்னக் குட்டு வெளிப்படுவதை எழுதிச் சிரிக்கவைத்தார். 1980களில் சென்னையில் அரசு இசைக் கல்லூரிக்கு முதல்வர். 1992இல் 'செம்பருத்தி'யில் பாட்டியாக வந்தபோதும், இளையராஜா இசையில் தன் குரலிலேயே பாடினார். 2005 டிசம்பர் 24 அன்று சென்னையில் காலமானார்.

---

செங்காங் வாசகி:

அக்கா, இதை இரண்டு முறை படித்துவிட்டேன், ரயிலில் ஒருமுறை, வீட்டில் ஒருமுறை. ஸ்டூடியோ விஷயத்தை நான் ஒரே வரியில் எழுதிவைத்திருந்தேன், அதைத்தான் இப்போது விரிக்கப் போகிறேன். தோ பாயோ அண்ணனுக்கும் நன்றி, ராஜலக்ஷ்மியில்தான் தொடங்குகிறேன்.

இன்னும் இரண்டு சந்தேகம். பாட்டு ஒன்றுதான் போடலாம் என்கிறார்கள், எது? அப்புறம், சிங்கப்பூரோடு ஏதாவது ஒரு முடிச்சு போட முடியுமா? இங்கே பிறந்த அம்மாக்களுக்கு எல்லாமே சென்னைக் கதையாக இருந்தால் சுவாரசியம் இருக்காது என்று தோன்றுகிறது.

---

கேமராக்காரன் ஈசூன்:

பிள்ளைகளுக்காக ஒரு யோசனை. பானுமதியில் முடிக்காமல் பி. ஆர். விஜயலட்சுமிக்கு இரண்டு நிமிடம் கொடுங்கள். இயக்குநர் பி. ஆர். பந்துலுவின் மகள். ஒளிப்பதிவாளர் அசோக்குமாரிடம் உதவியாளராக இருந்துவிட்டு, 1985இல் பாக்யராஜின் 'சின்ன வீடு' படத்துக்குத் தனியாகக் கேமரா பிடித்தார். ஆசியாவின் முதல் பெண் ஒளிப்பதிவாளர் என்று அவரைச் சொல்வார்கள். அப்புறம் 1995இல் 'பாட்டு பாடவா' இயக்கினார், பிறகு இசை நிறுவனத்தில் வேலை, 2018இல் மறுபடி 'அபியும் அனுவும்' இயக்கம்.

நான் இங்கே கல்யாண வீடியோ எடுப்பவன். ஒரு பெண் கேமராவைத் தோளில் தூக்கினால் இன்றைக்கும் மண்டபத்தில் யாராவது ஒரு மாமா வந்து "கனமா இருக்கா, நான் பிடிக்கவா?" என்று கேட்பார். அன்றைய படக் கேமராவின் எடையை நினைத்துப் பாருங்கள். நடிகை இயக்குநராவதை ஊர் எப்படியோ ஏற்றுக்கொண்டது. முகமே தெரியாத வேலைக்கு ஒரு பெண் வந்தால்தான் அதிகம் முறைப்பார்கள் என்பது என் அபிப்பிராயம்.

---

பிடோக் பழைய எடிட்டர்:

ஈசூன் தம்பி சொன்னது எனக்குப் பிடித்திருக்கிறது. ஆனால் கூட்டத்தின் கடைசி இரண்டு நிமிடத்தில் புதுப் பெயரை நுழைத்தால் பானுமதியும் நிற்க மாட்டார், விஜயலட்சுமியும் நிற்க மாட்டார். கேள்வி நேரத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள் தங்கச்சி. பிள்ளைகளில் ஒருவர் "அப்புறம் யார் இப்படி வந்தார்கள்?" என்று கட்டாயம் கேட்பார்.

சிங்கப்பூர் முடிச்சு தாராளமாக இருக்கிறது. பாலஸ்தியர் சாலைப் பக்கம் ஜாலான் அம்பாஸ் எட்டாம் எண், ஷா சகோதரர்களின் மலாய்ப் பட ஸ்டூடியோ. 1967இல் அதை மூடிவிட்டார்கள். மலாய்த் திரையின் பெரிய நட்சத்திரம் பி. ராம்லி, 1964இல் கோலாலம்பூருக்குப் போகும்வரை நடித்ததும் இயக்கியதும் பெரும்பாலும் அங்கேதான். தொடக்கத்தில் அங்கே இயக்குநர்களாக இருந்தவர்களில் பலர் இந்தியாவிலிருந்து வந்தவர்கள், பி. எஸ். ராஜ்ஹான்ஸ், எல். கிருஷ்ணன், எஸ். ராமநாதன் என்று. போட்டிக் கம்பெனி கேத்தே கெரிஸ். அங்கே 1957இல் 'பொந்தியானாக்' என்ற பேய்ப்படத்தை இயக்கிய பி. என். ராவும் இந்தியாவில் தமிழ்ப் படங்கள் செய்துவிட்டு இங்கே வந்தவர்தான். அதில் பேயாக நடித்த மரியா மெனாடோ பின்னாளில் சொந்தமாகப் படக் கம்பெனி தொடங்கினார். மூத்த அம்மாக்களுக்கு பொந்தியானாக் என்ற பெயரே போதும், ஆளாளுக்குக் கதை சொல்லத் தொடங்கிவிடுவார்கள். அதனால் இதை ஒரு நிமிடத்துக்கு மேல் விடாதீர்கள். அதே காலத்தில், கடலுக்கு இந்தப் பக்கம் இன்னொரு நடிகையும் அதே வழியைத்தான் தேடினார் என்று சொல்லிவிட்டு நகருங்கள்.

படிக்க, பார்க்க: விக்டோரியா ஸ்திரீட் தேசிய நூலகத்துக்குப் போங்கள். பழைய தமிழ் முரசு இதழ்களை அவர்கள் மின்னாக்கம் செய்து வைத்திருக்கிறார்கள். முரசு 1935இல் தொடங்கிய பத்திரிகை, ஐம்பதுகளின் பட விளம்பரங்களைத் தேடிப் பாருங்கள். நல்லதாக ஒரு விளம்பரம் கிடைத்தால் திரையில் போடுங்கள். நம் ஊர்த் தியேட்டர் பெயரைப் பார்த்தால் பெரியவர்கள் உங்களை விடவே மாட்டார்கள். மேற்கோள் நூலகத்தில் உள்ளவர்களிடம் கேட்டால் தேடுவது எப்படி என்று பொறுமையாகச் சொல்லித்தருவார்கள்.

பாட்டு: 'பூவாகிக் காயாகி' போட்டால் பாதிப் பேர் அழுவார்கள், நீங்கள் பேச வந்தது போய்விடும். 'அழகான பொண்ணு நான்' போடுங்கள். ஆனால் பாட்டிலிருந்து ஆரம்பிக்காதீர்கள். அதற்கு முன்னால் அவர் பேசும் காட்சி கொஞ்சம், அங்கிருந்து பாட்டின் பல்லவி முடியும்வரை. மொத்தம் ஒன்றரை நிமிடம் தாண்டக் கூடாது. நிறுத்திவிட்டு, பேசியதும் பாடியதும் ஒரே ஆளா, இரண்டு ஆளா என்று பிள்ளைகளிடம் கேளுங்கள்.

ஒலி விஷயம் ஒன்று. சமூக மன்றத்து ஸ்பீக்கரில் பழைய பாட்டு தகரம் தட்டுகிற மாதிரி கேட்கும். ஸ்பீக்கரில் ட்ரெபிளைக் குறைத்து வையுங்கள், அரை மணி நேரம் முன்னாலேயே போய் ஒருமுறை ஓட்டிப் பாருங்கள். மடிக்கணினியை ஸ்பீக்கரோடு இணைக்கும் வயரை வீட்டிலிருந்து எடுத்துப் போங்கள், அங்கே இருப்பது வேலை செய்யாது.

---

செங்காங் வாசகி:

வயர் எடுத்துவைத்துவிட்டேன் அக்கா. சனிக்கிழமை நூலகம் போகிறேன். விளம்பரம் ஏதாவது கிடைத்தால் இங்கே போடுகிறேன், தோ பாயோ அண்ணன் எந்தத் தியேட்டர் என்று அடையாளம் சொல்லட்டும்.

---

தோ பாயோ ரசிகர்:

போடும்மா. தேதி தெளிவாகத் தெரிகிற மாதிரி எடு. ராஜலக்ஷ்மிக்கு ஒரு நிமிடம் என்பதை ஒன்றரை ஆக்க முடியுமா என்று பார்.